ஒரு பாடபேதம்

என் வீட்டுக் கம்ப்யூட்டரில் ‘போன்’ என்ற பெயரில் ஒரு ஃபோல்டர் இருக்கிறது. 2024 ஏப்ரலில் அதில் பத்தொன்பது ஃபைல்கள் இருந்தன. பதிமூன்று வருஷத்துச் சேகரிப்பு. அவற்றின் பெயர்கள் இப்படி: புதுசு. புதுசு 2. கடைசி. கடைசி சரியானது. அவன் போன். மாமா போன். நாலு ஃபைல்களுக்கு மட்டும் கம்பெனி கொடுத்த பெயர் அப்படியே இருந்தது. என் சோம்பலால் அவை பிழைத்தன.

மற்ற பெயர்களை வைத்தவன் நான்தான். தி. நகரில் ஒரு பாங்கில் குமாஸ்தாவாக இருக்கிறேன். கணக்கு எண்ணில் ஓர் இலக்கம் தவறினால் ஒருவர் பணம் இன்னொருவருக்குப் போய்விடும் என்பதைத் தினமும் பார்க்கிற தொழில். கூடவே, பத்துப் பன்னிரண்டு வருஷமாக இந்த மாதிரிப் பத்திரிகைகளில் பிறர் கவிதைகளைப் பற்றி அபிப்ராயம் சொல்லி வருகிறேன். இந்த இரண்டு தகுதிகளையும் வைத்துக்கொண்டு ஒருவனுடைய எழுத்தை ஏறக்குறைய எப்படி அழித்தேன் என்பதைத்தான் இங்கே எழுத உத்தேசம். ஏறக்குறைய என்று சொல்வதுகூட எனக்குச் சலுகையாக இருக்கலாம். வாசகர் தீர்மானிக்கட்டும்.

அந்த ஃபைல்கள் ஃபர்ம்வேர் எனப்படுபவை. நிலைபொருள் என்று தமிழாக்கியிருக்கிறார்கள். 1967இல் அஷர் ஓப்ளர் என்பவர் ‘டேட்டாமேஷன்’ என்ற அமெரிக்கப் பத்திரிகையில் இந்த வார்த்தையைப் புழக்கத்துக்குக் கொண்டுவந்தார். கையால் தொடக்கூடிய இயந்திரத்துக்கும், நினைத்தபோது மாற்றக்கூடிய நிரலுக்கும் நடுவில் இருக்கிற ஒன்று என்பது அதன் பொருள். இப்போது ஒரு ஸ்மார்ட்போனைப் பொறுத்தவரை அதை உயிர்ப்பிக்கிற மொத்தச் சரக்குக்கும் அந்தப் பெயர்தான். அது இல்லாத போன் ஒரு கண்ணாடித் துண்டு.

ஒரு குமாஸ்தாவுக்கு இது எதற்கு? கவிதைக்காகத்தான். 2011இல் என் நண்பன் தன் முதல் ஆண்ட்ராய்ட் போனை எடுத்துக்கொண்டு மயிலாப்பூரில் என் வீட்டுக்கு வந்தான். அவன் கவிதை ஒன்றை யாரோ கணினியில் ஏற்றியிருந்தார்கள். போனில் திறந்தால் வரிவரியாகச் சின்னச் சின்னக் கட்டங்கள். அந்த நாளில் பல போன்களில் தமிழ் இப்படித்தான் தெரிந்தது. “என் கவிதைக்கு இதைவிடப் பொருத்தமான விமரிசனம் கிடையாதுடா” என்றான். தமிழ் எழுத்துரு உள்ள வேறு ஃபர்ம்வேரை ஏற்றினால் சரியாகும் என்று ரிச்சி தெருவில் ஒரு கடைப் பையன் சொன்னான். இரண்டு இரவுகள் இறக்கினோம். முதலாவதை ஏற்றியதும் கட்டங்கள் போய் எழுத்துகள் வந்தன. ஆனால் கொம்பெல்லாம் எழுத்துக்கு முன்னால் நிற்காமல் பின்னால் நின்றது. ‘பெண்’ என்ற வார்த்தை ஊனமுற்றுக் கிடந்தது. இரண்டாவதில் கொம்பு தன் இடத்துக்கு வந்தது. நண்பன் தன் கவிதையை முதல் வரியிலிருந்து கடைசி வரி வரை உரக்கப் படித்தான். அதற்கு முன்பும் பின்பும் அவன் எதையும் என் எதிரில் உரக்கப் படித்ததில்லை.

அன்றிலிருந்து நான் ஃபர்ம்வேர் சேகரிக்கிறவனானேன். தெரிந்தவர்களின் போன் நின்றுவிட்டால் என்னிடம் வரும். ஃபைலை இறக்குவேன், காரியம் முடிந்ததும் அழிக்க மனம் வராமல் எனக்குப் புரிகிற ஒரு பெயரைப் போட்டு வைப்பேன். கம்பெனிப் பெயர் அவ்வளவு நீளம், அவ்வளவு அர்த்தமற்றது என்று நினைத்தேன். இதுதான் என் முதல் தவறு. இலக்கிய விமரிசகன் ஒருவன் செய்யக் கூடாத தவறும்கூட.

சாம்சங் ஃபைல் ஒன்றை எடுத்துக்கொள்வோம். அதன் பெயரில் ஒரு எழுத்துகூட வீண் இல்லை. முதலில் எந்த மாடல் என்கிற எண். அடுத்து எந்தப் பிரதேசத்துக்கானது என்கிற எழுத்துகள். கடைசியிலிருந்து ஐந்தாவது இடத்தில் இருப்பது, போனைத் துவக்குகிற நிரலின் படி எண். அந்தப் படியிலிருந்து மேலேதான் போகலாம், கீழே இறங்க முடியாது. கடைசி மூன்றில் முதலாவது வருஷம்: எஸ் என்றால் 2019, டி 2020, யு 2021, வி 2022. அடுத்தது மாதம்: ஏ ஜனவரி, எல் டிசம்பர். கடைசி எழுத்து அந்த மாதத்தில் எத்தனையாவது பிரதி என்பது. பிரபவ, விபவ என்று நம் முன்னோர் வருஷத்துக்குப் பெயர் வைத்து ஏட்டின் கடைசியில் எழுதிய மாதிரிதான். இந்த வருஷத்தில், இந்த மாதத்தில், இன்னாருக்காக எழுதி முடித்தது என்று ஏட்டில் இருக்கும் குறிப்பை ஒருவன் சுரண்டி எடுத்துவிட்டு ‘நல்ல ஏடு’ என்று எழுதி வைத்தால் அவனை என்ன சொல்வோம்? ‘புதுசு’ என்று நான் எழுதினேன். எதைவிடப் புதுசு, எப்போது புதுசு?

நண்பன் 2019இல் சாம்சங் ஏ 50 வாங்கினான். அடையாறில் அம்மாவோடு இருந்தான். கல்யாணம் செய்துகொள்ளவில்லை. பதிப்பகங்களுக்குப் புரூஃப் பார்த்துப் பிழைத்தான். பிறர் எழுத்தைக் காகிதத்திலும் தன் எழுத்தைப் போனிலும் திருத்துவதென்று ஒரு ஒழுங்கு வைத்திருந்தான். 2022 அக்டோபரில் போன் மந்தமாகிவிட்டது என்று ஒரு பென் டிரைவோடு வந்தான். புதிதாக ஏற்றிவிடலாம், உள்ளே இருப்பவை அழியாது என்றேன். அது உண்மை, சரியான ஃபைலாக இருந்தால்.

சரியான ஃபைல் என்னிடம் இருந்தது. ஆனால் பென் டிரைவ் அதை ஏற்க மறுத்தது. பதினாறு ஜி.பி. டிரைவ், காலியாகத்தான் இருந்தது. ஆனாலும் ஃபைல் மிகப் பெரியது என்று செய்தி வந்தது. ஃபாட் 32 என்ற பழைய முறையில் தயார்செய்யப்பட்ட டிரைவில், எவ்வளவு இடம் இருந்தாலும், 4 ஜி.பி.யை எட்டுகிற ஒற்றை ஃபைல் ஏறாது. டிரைவை வேறு முறையில் மாற்றி அமைத்திருக்கலாம், இரண்டு நிமிஷ வேலை. அவன் அவசரத்தில் இருந்தான், அம்மாவுக்கு மாத்திரை வாங்க வேண்டியிருந்தது. அதே ஃபோல்டரில் ‘புதுசு’ என்று இன்னொன்று கொஞ்சம் சிறியதாக இருந்தது. அதுவும் அவனுக்காக எப்போதோ இறக்கியதுதான் என்று நினைத்துக் கொடுத்தேன். அது ஏ 50 எஸ் என்ற வேறு மாடலுக்கானது. கம்பெனி வைத்த பெயரில் அவன் போன் 505, இது 507. ஓர் இலக்கம். அந்தப் பெயரை நான் அழித்திருந்தேன்.

ஏற்றுகிற நிரலுக்கு ஓடின் என்று பெயர். ஸ்காண்டிநேவியப் புராணத்தில் ஞானத்துக்காக ஒரு கண்ணைக் கொடுத்த தெய்வம். நண்பன் தன் வீட்டில் உட்கார்ந்து அதை இயக்கியிருக்கிறான். பாதியில் நின்றுவிட்டது. போன் ஒரே ஒரு செய்தியோடு உறைந்துபோயிற்று. எனக்குப் போன் பண்ணினான். “அடுத்த வாரம் எடுத்துண்டு வா, பார்க்கலாம்” என்றேன். அவன் சாதாரணப் பட்டன் போன் ஒன்று வாங்கிக்கொண்டான். அடுத்த வாரம் வரவில்லை. அம்மா படுத்துக்கொண்டாள், பிறகு போய்விட்டாள். நானும் கேட்கவில்லை. பாங்கில் அரையாண்டுக் கணக்கு, அப்புறம் வருஷக் கணக்கு. 2024 பிப்ரவரியில் அவனும் போய்விட்டான். மாரடைப்பு. நாற்பத்தோரு வயது.

அந்த ஒன்றரை வருஷத்தில் அவன் எதையும் எழுதவில்லை என்று தோன்றுகிறது. காகிதத்தில் ஒரு வரிகூட அகப்படவில்லை. அதற்கு நான் காரணமா, அம்மா காரணமா, எழுத இருந்ததெல்லாம் முடிந்துவிட்டதா என்பதை இனி யாரிடம் கேட்பது?

ஏப்ரலில் அவன் தங்கை அந்தப் போனை ஒரு பூஜை டப்பாவில் வைத்து எடுத்துக்கொண்டு வந்தாள். “இதுல அண்ணா எழுதினதெல்லாம் இருக்காம்ணா. ரிச்சி தெருல காட்டினேன். எல்லாத்தையும் அழிச்சுட்டுப் புதுசா போட்டுத் தரேன்னான். வேண்டாம்னு வாங்கிண்டு வந்துட்டேன். நீங்கதான் பார்க்கணும்.” புதுசு என்ற வார்த்தை காதில் விழுந்தபோது அவள் முகத்தைப் பார்க்க முடியவில்லை. பூட்டின் எண் அவளுக்குத் தெரிந்திருந்தது. அம்மா பிறந்த வருஷம்.

பாங்கில் இறந்துபோனவர் கணக்குக்கு வழிமுறை உண்டு. நியமனதாரர், மரணச் சான்றிதழ், படிவம். பத்து வருஷம் யாரும் கேட்காத பணம் ரிசர்வ் பாங்கின் ஒரு நிதிக்குப் போய்விடும். 2014இல் ஏற்படுத்தப்பட்ட நிதி அது. அதற்கப்புறமும் வாரிசு வந்து கேட்டால் பணம் திரும்பக் கிடைக்கும். பணத்தின்மீது இந்த நாகரிகத்துக்கு அவ்வளவு அக்கறை. கவிதைக்கு நியமனதாரர் கிடையாது. யார் முதலில் தொடுகிறார்களோ அவர்தான் வாரிசு.

அன்று இரவு பத்தொன்பது ஃபைல்களையும் ஒவ்வொன்றாகப் பரிசோதித்தேன். நல்ல வேளை, நான் மாற்றியது வெளி உறையின் பெயரைத்தான். பிரிக்காமலே உறைக்குள் என்ன இருக்கிறதென்று பார்க்க முடியும். உள்ளே ஐந்து பகுதிகள், ஒவ்வொன்றின் மேலும் முழு வமிசாவளி. இறக்கிய தேதியை நம்பக் கூடாது என்பதையும் அப்போதுதான் கற்றேன். அது நான் அதைக் கண்டெடுத்த தேதியே தவிர, அது பிறந்த தேதி அல்ல. பழைய புத்தகக் கடையில் வாங்கிய நாளை முதல் பதிப்பு ஆண்டாக எழுதிவைக்கிற மாதிரி. பிறகு ஃபைல் முழுசாக இருக்கிறதா என்று பார்க்க ஒரு கூட்டுத்தொகை உண்டு. எம்.டி.5 என்பார்கள். ரொனால்ட் ரிவெஸ்ட் 1991இல் வகுத்தது. எவ்வளவு பெரிய ஃபைலானாலும் முப்பத்திரண்டு குறிகளாகச் சுருக்கிவிடும். உள்ளே ஒரே ஒரு புள்ளி மாறினாலும் முப்பத்திரண்டும் அடையாளம் தெரியாமல் மாறிவிடும். சாயங்காலம் கணக்கு டாலியாகாவிட்டால் வித்தியாசத்தை வைத்து எங்கே தவறென்று நாங்கள் ஊகிப்போம். இங்கே அந்த ஊகத்துக்கும் வழியில்லை. சரி அல்லது தவறு, அவ்வளவுதான். விமரிசனம் இப்படி இருந்தால் எவ்வளவு சௌகரியம் என்று ஒரு கணம் நினைத்தேன். உடனே பயமாகவும் இருந்தது.

காலை நாலு மணிக்குச் சரியானது அகப்பட்டது. மாடல், பிரதேசம், படி எண், எல்லாம் பொருந்தின. அன்று பென் டிரைவ் ஏற்க மறுத்த அதே ஃபைல். அந்த ஒன்றரை வருஷமும் அது என் மேஜையில்தான் இருந்தது.

ஐந்து பகுதிகளில் இரண்டு, பார்வைக்கு ஒரே மாதிரி இருக்கும். சி.எஸ்.ஸி. என்று ஒன்று, அதே பெயருக்கு முன்னால் ஹோம் என்று சேர்த்து இன்னொன்று. இரண்டில் ஒன்றைத்தான் ஏற்ற வேண்டும். முதலாவதை ஏற்றினால் போன் கடையிலிருந்து வந்த நாளைப்போல் சுத்தமாகிவிடும். இரண்டாவது உள்ளே இருப்பதைத் தொடாது. ஒரு முன்னொட்டில் ஒருவனுடைய எழுத்தெல்லாம் தொங்குகிறது. மூன்று தடவை படித்துவிட்டுத்தான் அழுத்தினேன். கால் மணி நேரம் ஆயிற்று. எதிர் வீட்டில் தண்ணீர் தெளித்துக் கோலம் போட ஆரம்பித்துவிட்டார்கள். போன் விழித்துக்கொண்டு எண் கேட்டது. அவன் அம்மா பிறந்த வருஷத்தைப் போட்டேன்.

குறிப்புகள் அறுபத்திமூன்று. மளிகைப் பட்டியல், மாத்திரைப் பெயர்கள், புரூஃப் பாக்கி, இருபத்தேழு கவிதைகள். நண்பன் என்பதற்காகப் பொய் சொல்ல மாட்டேன். இருபதுக்கு மேல் சாதாரணமானவை. அவனே அச்சுக்குக் கொடுத்திருக்க மாட்டான். நாலைந்து நல்லவை. ஒன்று, அவன் அம்மா காதுக் கருவியைக் கழற்றிவைத்துவிட்டு அவனோடு பேசுவதைப் பற்றியது, நான் இந்தக் காலத்தில் படித்த சிறந்த கவிதைகளில் ஒன்று.

அதை முன்பே எனக்குத் தெரியும். 2019 கடைசியில் என்னிடம் காட்டினான். கடைசி இரண்டு வரிகளை எடுத்துவிடு, அவை கவிதைக்கு விளக்கம் சொல்கின்றன, கவிதை முந்தின வரியிலேயே முடிந்துவிட்டது என்றேன். நாம் எல்லோரும் அப்படித்தான் சொல்லப் பழகியிருக்கிறோம். குறைத்தால் நல்லது என்பது நம் தலைமுறைக்கு வந்து சேர்ந்த சொத்து. அது யாருடையது என்று நாம் விசாரித்ததில்லை.

போனில் அந்தக் கவிதை மூன்று குறிப்புகளாக இருந்தது. 2019 நவம்பர்: அந்த இரண்டு வரிகளோடு. 2020 ஜனவரி: அவை இல்லாமல், நான் சொன்ன மாதிரி. 2021 ஆகஸ்ட்: மறுபடி அவற்றோடு, ஒரே ஒரு வார்த்தை மாற்றி. என்னிடம் அவன் இதைச் சொல்லவில்லை. ஒன்றரை வருஷம் என் அபிப்ராயத்தை வைத்திருந்துவிட்டுத் திருப்பிக் கொடுத்திருக்கிறான். அந்த மாற்றிய வார்த்தையோடு படித்தபோது அவை விளக்கம் இல்லை என்று தெரிந்தது. அம்மாவுக்குக் கேட்காது என்று தெரிந்தும் மகன் சொல்கிற பதில் அவை. எடுத்துவிட்டால் அவள் மட்டும் பேசுவாள். அவன் செய்தது சரி.

இதற்கப்புறம் நடந்ததுதான் நான் சொல்ல வந்தது. நடுப் பிரதியை மறுபடி பார்க்கலாமென்று திறந்தேன். தூக்கமில்லாத கட்டைவிரல் திரையில் பட்டு எழுத்துப் பலகை எழும்பிற்று, ஒரு எழுத்து விழுந்தது. அழித்தேன். அது தன்பாட்டுக்குச் சேமித்துக்கொண்டது. பட்டியலுக்குத் திரும்பினால், 2020 ஜனவரி என்றிருந்த இடத்தில் அன்றைய தேதி. நான் கேட்டபடி வெட்டப்பட்ட பிரதி, கவிஞன் நிராகரித்த பிரதி, எல்லாவற்றுக்கும் மேலே போய் உட்கார்ந்துகொண்டது, மிகச் சமீபத்தியதாக. நாளைக்கு யார் திறந்தாலும் அதைத்தான் கவிஞனின் இறுதி விருப்பம் என்று எடுத்துக்கொள்வார்கள். வாதத்தில் தோற்றவன் தூக்கத்தில் ஜெயித்த மாதிரி.

இங்கிலீஷ் பி.ஏ. வகுப்பில் ஹாம்லெட்டின் மூன்று பிரதிகளைப் பற்றிப் பரீட்சைக்காக மனப்பாடம் செய்தேன். 1603ஆம் வருஷத்துக் குவார்ட்டோ, அதற்கடுத்து வந்த குவார்ட்டோவில் பாதியைவிடச் சற்றுத்தான் அதிகம். 1623இல் ஃபோலியோ. எது ஷேக்ஸ்பியர் விரும்பியது என்பதில் இன்னும் முடிவில்லை. பத்து மதிப்பெண் கேள்வி. அந்த இடைவெளியில் யாரோ ஒருவருடைய கட்டைவிரலும் இருந்திருக்கலாம் என்று அப்போது தோன்றவில்லை. உ.வே. சாமிநாதையர் 1887இல் சிந்தாமணியையும் 1894இல் புறநானூற்றையும் பதிப்பித்தபோது ஏடு ஏடாக ஒப்பிட்டுப் பார்த்துப் பாடபேதங்களைக் குறித்துவைத்தார். அதைப் பண்டிதத்தனம் என்று நம்மில் சிலர் பேசியிருக்கிறோம், நானும்தான். பெசன்ட் நகரில் அவர் பெயரிலுள்ள நூலகம் அவன் வீட்டுக்குப் பக்கம். எத்தனையோ தடவை அதைத் தாண்டி நடந்து கடற்கரையில் உட்கார்ந்து, கவிதை எப்படிச் சுருங்க வேண்டும் என்று அவனுக்குச் சொல்லியிருக்கிறேன். இது பண்டிதத்தனம் இல்லை, மரியாதை என்று இப்போது புரிகிறது. எனக்குப் பிடிக்காத பாடமும் இன்னொருவன் கையால் எழுதியது என்று ஒப்புக்கொள்கிற மரியாதை. 2000இல் புதுமைப்பித்தன் கதைகளை ஆ. இரா. வேங்கடாசலபதி கால வரிசையில் பாடபேதங்களோடு பதிப்பித்தார். அதை வாங்கிய நான் கதைகளைப் படித்தேன். பாடபேதப் பக்கங்களைத் திருப்பவில்லை.

நம் பத்திரிகைகளின் கதையும் இதுதானே. எழுத்து 1959இல் ஆரம்பித்தது, கசடதபற 1970இல். லஸ் நடைபாதையில் அட்டையில்லாத பழைய இதழை எடுத்துப் பார்த்தால் எந்த மாதம், எந்த வருஷம் என்பது சில சமயம் தெரியாது. கோட்டையூரில் ரோஜா முத்தையா என்பவர் துண்டுக் காகிதங்களைக்கூட வருஷக்கணக்கில் சேர்த்து வைத்தார். அந்தச் சேகரிப்புதான் 1994இல் சென்னையில் நூலகமாகி இப்போது தரமணியில் இருக்கிறது. அவர் காகிதங்களுக்கெல்லாம் ‘நல்லது’, ‘புதுசு’ என்று தன் பெயர்களை எழுதியிருந்தால் என்ன மிஞ்சியிருக்கும்?

கம்ப்யூட்டரில் இப்போது என் பத்தொன்பது ஃபைல்களுக்கும் அவற்றின் பெயரைத் திருப்பிக் கொடுத்துவிட்டேன். ஒவ்வொன்றோடும் ஒரு சின்னக் குறிப்பு: எப்போது இறக்கியது, யாருக்காக, முப்பத்திரண்டு குறிகள் என்ன. ஒரே ஒரு ஃபைலை மட்டும் ‘புதுசு’ என்றே விட்டிருக்கிறேன். ஐந்நூற்று ஏழு. அழிக்கவும் இல்லை.

போனிலுள்ள அறுபத்திமூன்று குறிப்புகளையும் திரையில் தெரிகிறபடி படமெடுத்து, ஒரு டிரைவில் போட்டு அவன் தங்கையிடம் கொடுத்தேன். நடுப் பிரதியின் தேதி ஏன் அப்படியிருக்கிறது என்பதையும் எழுதிக் கொடுத்தேன். படித்துவிட்டுக் கேட்டாள்: “இதுல எதுண்ணா கடைசி?” ஆகஸ்ட் 2021 என்றேன். “அப்ப இது மேலே இருக்கே?” அது நான்தான், அவன் இல்லை என்றேன். அவளுக்குப் புரிந்ததா என்று தெரியவில்லை. தலையை ஆட்டினாள்.

ஆசிரியரிடம் மூன்று பிரதிகளையும் கொடுத்திருக்கிறேன். இடமில்லை, ஒன்றைத்தான் போட முடியும் என்றால் மூன்றாவதைப் போடச் சொல்லியிருக்கிறேன், அந்த இரண்டு வரிகளோடு. இதையும் நானே தேர்ந்தெடுக்கிறேன் என்பது தெரிகிறது. முடிந்தால் மூன்றையும் போடுங்கள் என்று கேட்டுக்கொண்டது அதனால்தான்.